டெபியனில் மோர்ஸ் ரன்னர்: உடைந்துபோன ‘டா’வைத் தேடி

மே மாதத்தின் கடைசி முழு வார இறுதியில் சி.கியூ டபிள்யூ.பி.எக்ஸ் என்ற அமெச்சூர் வானொலிப் போட்டியின் மோர்ஸ் பிரிவு நடக்கிறது. 48 மணி நேரப் போட்டியான அதில் எதிர்முனையிலிருந்து நிலையத்தின் அடையாளமான அழைப்புக்குறியும், 599 என்பதைச் சுருக்கிய 5என்என் என்ற சமிக்ஞை மதிப்பும், அதை ஒட்டி ஒரு வரிசை எண்ணும் மூச்சுவிடாமல் வந்து விழும். அந்த வேகத்துக்குச் சில வாரங்கள் முன்பாகவே காதைப் பழக்கிக்கொள்ளாவிட்டால் முதல் ஒரு மணி நேரம் தடுமாற்றத்திலேயே கழிந்துவிடும் என்பதால், நான் பல ஆண்டுகளாக மோர்ஸ் ரன்னர் என்ற பயிற்சி மென்பொருளை நம்பியிருக்கிறேன். ஒரே நேரத்தில் பல நிலையங்கள் நம்மை நோக்கிக் கூப்பிடும் ‘பைல்-அப்’ நெரிசலை இந்த அளவுக்கு உயிரோட்டமாக உருவாக்கும் வேறு நிரலை நான் பயன்படுத்தியதில்லை. வானொலிப் பெட்டியும் வேண்டாம், ஆன்டெனாவும் வேண்டாம். ஒரு கணினியும் ஹெட்போனும் இருந்தால் போதும்.

சிக்கல் அந்தக் கணினியில்தான் வந்தது. மோர்ஸ் ரன்னர் விண்டோஸுக்காக டெல்ஃபி மொழியில் எழுதப்பட்ட 32 பிட் நிரல். கனடாவைச் சேர்ந்த அலெக்ஸ் ஷோவ்கோப்லியாஸ் எழுதியது. சி.டபிள்யூ ஸ்கிம்மர், ஆம்னி-ரிக் ஆகியவற்றை உருவாக்கியவரும் அவரே. என்னுடைய பழைய மடிக்கணினியில் இருந்த விண்டோஸ் 7-க்கு மைக்ரோசாஃப்ட் 2020 ஜனவரியோடு ஆதரவை நிறுத்திவிட்டது. அதற்குப் பின்பும் சில காலம் ஓட்டிப் பார்த்துவிட்டு, 4 ஜிபி நினைவகத்தில் இனி எதுவும் நகராது என்ற நிலை வந்தபோது எக்ஸ்எஃப்சிஇ மேசைச் சூழலுடன் டெபியன் 12 லினக்ஸை நிறுவினேன். மடிக்கணினி புத்துயிர் பெற்றது. மோர்ஸ் ரன்னருக்குத்தான் இருக்க இடம் இல்லாமல் போயிற்று.

டெபியனிலேயே மோர்ஸ் பயிற்சிக்கு நிரல்கள் இல்லாமல் இல்லை. க்யூ.ஆர்.க்யூ என்ற முனைய நிரல் அழைப்புக்குறிகளை ஒவ்வொன்றாக ஒலித்து, சரியாக எழுதினால் வேகத்தைக் கூட்டியும் தவறினால் குறைத்தும் போகிறது, யூனிக்ஸ் சி.டபிள்யூ தொகுப்பில் உள்ள எக்ஸ்.சி.டபிள்யூ.சி.பி எழுத்துகளைக் கற்றுக்கொள்ளத் தோதானது. இரண்டும் தம் வேலையை நன்றாகவே செய்கின்றன. ஆனால் ஒருவர் தெளிவாகப் பேசுவதைக் கேட்பதற்கும், சந்தையில் பத்துப் பேர் ஒரே நேரத்தில் கத்தும்போது ஒருவர் குரலைப் பிரித்தெடுப்பதற்கும் உள்ள வேறுபாடு இங்கே உண்டு. எனக்குத் தேவைப்பட்டது சந்தை. மோர்ஸ் ரன்னருடன் வரும் விளக்கக் கோப்பில், லினக்ஸில் வைன் வழியாக இது இயங்குகிறது என்று ஒரு குறிப்பு உண்டு. அந்த ஒற்றை வரியைப் பிடித்துக்கொண்டுதான் இறங்கினேன்.

வைன் என்பது விண்டோஸ் நிரல் கேட்கும் கணினிச் சேவைகளை லினக்ஸ் சேவைகளாக மாற்றிக் கொடுக்கும் ஒரு அடுக்கு. மெய்நிகர் கணினி அன்று. டெபியனின் தொகுப்பிலிருந்து அதை நிறுவிவிட்டு மோர்ஸ் ரன்னரின் நிறுவியை ஓட்டியவுடன், வைன்32 இல்லை, முதலில் பல கட்டமைப்பு ஆதரவை இயக்க வேண்டும் என்ற எச்சரிக்கைதான் முனையத்தில் வந்தது. 64 பிட் டெபியனில் வைனை மட்டும் நிறுவினால் 64 பிட் பகுதிதான் வருகிறது. நம் நிரலோ 32 பிட் காலத்தது. டிபிகேஜி கட்டளையால் ஐ386 என்ற 32 பிட் கட்டமைப்பைச் சேர்த்து, தொகுப்புப் பட்டியலைப் புதுப்பித்து, வைன்32-ஐ நிறுவினேன். எச்சரிக்கைச் செய்தியிலேயே செய்ய வேண்டிய கட்டளை முழுமையாக எழுதப்பட்டிருக்கிறது என்பதால், இதற்காக எங்கும் தேட வேண்டியதில்லை. செய்தியை நிதானமாகப் படித்தால் போதும். நான் அதை இரண்டாம் முறைதான் படித்தேன்.

அடுத்து, இந்த நிரலுக்கென்று தனியாக ஒரு வைன் கோப்புறையை, 32 பிட் வகையாகவே, உருவாக்கினேன். வைன் தன் போலி சி டிரைவையும் பதிவேட்டையும் இத்தகைய கோப்புறை ஒன்றில்தான் வைத்துக்கொள்கிறது. எல்லா விண்டோஸ் நிரல்களையும் ஒரே கோப்புறையில் போட்டுவிட்டு, ஒன்றுக்காகச் செய்த மாற்றம் இன்னொன்றைக் கெடுத்ததை முன்பு ஒருமுறை அனுபவித்திருக்கிறேன். தனிக் கோப்புறை என்றால், எதுவும் கைமீறிப் போனால் அதை அப்படியே அழித்துவிட்டு மறுபடி தொடங்கலாம்.

நிரல் திறந்தது. ஆசிரியரின் அழைப்புக்குறி இருந்த இடத்தில் என்னுடையதை இட்டு, வேகத்தை நிமிடத்துக்கு 25 சொல் என்று வைத்து, பைல்-அப் முறையில் ஓட விட்டேன். எஃப்1 விசையை அழுத்தியதும் என் பொது அழைப்பு ஒலித்தது. மூன்று நிலையங்கள் ஒன்றன்மேல் ஒன்றாகப் பதில் கொடுத்தன. எழுந்து நின்று கை தட்டாத குறைதான். அரை மணி நேரம் பயிற்சி செய்தேன். ஆங்காங்கே மெல்லிய வெடிப்பொலி கேட்டது; இடி மின்னலால் வரும் நிலைமின் இரைச்சலை, அதாவது க்யூ.ஆர்.என்-ஐ, இந்த நிரல் போலியாக உருவாக்கும் என்பது தெரிந்ததால், எவ்வளவு இயல்பாக இருக்கிறது என்று மெச்சிக்கொண்டேன்.

மூன்றாம் நாள் மதிப்பெண் பட்டியலைப் பார்த்தபோதுதான் நெருடியது. நான் பதிவு செய்த ஒவ்வொரு தொடர்பையும் நிரல் சரிபார்த்து, தவறு எங்கே என்பதைக் கடைசிப் பத்தியில் காட்டும்: அழைப்புக்குறியே தவறா, வரிசை எண் தவறா என்பது அதில் தெரியும். என் பட்டியலில் வரிசை எண் தவறுகள் வழக்கத்தைவிடப் பல மடங்கு இருந்தன. குறிப்பாக 9 என்ற எண்ணில். போட்டிகளில் நேரத்தை மிச்சப்படுத்த 9-ஐ ‘என்’ என்ற எழுத்தாகவும் 0-வை ‘டி’ என்ற எழுத்தாகவும் சுருக்கி அனுப்புவார்கள். ‘என்’ என்பது ஒரு டாவும் (நீண்ட ஒலி) ஒரு டிட்டும் (குறுகிய ஒலி). எனக்கோ அது அடிக்கடி மூன்று டிட்டுகளாக, அதாவது ‘எஸ்’ என்பதாகக் கேட்டிருக்கிறது. 5என்என் என்று வர வேண்டியது 5என்எஸ் என்று வந்ததை நானே ஒருமுறை சிரித்தபடி கடந்திருக்கிறேன். வயதாகிறது, காது மங்குகிறது என்று எண்ணிக்கொண்ட அந்த இரண்டு நாள் மனச்சோர்வைப் பற்றி இங்கே எழுத வேண்டியதில்லை.

நிரலின் திரையில் க்யூ.ஆர்.என், க்யூ.ஆர்.எம், க்யூ.எஸ்.பி, ஃபிளட்டர், லிட்ஸ் என்று ஐந்து கட்டங்கள் உள்ளன. முதலாவது நிலைமின் இரைச்சல்; இரண்டாவது பிற நிலையங்களின் குறுக்கீடு; மூன்றாவது சமிக்ஞை ஏறி இறங்குவது; நான்காவது துருவப் பாதைகளில் கேட்கும் நடுக்கம்; ஐந்தாவது, ஒழுங்கு தெரியாத இயக்குநர்களின் தொல்லை. ஐந்தையும் அணைத்துவிட்டு ஒற்றை அழைப்பு முறையில் கேட்டேன். வெடிப்பொலி அப்படியே இருந்தது. நான் மூன்று நாளாக மெச்சிக்கொண்டிருந்தது வானத்தின் இரைச்சலை அன்று; என் மடிக்கணினியின் இரைச்சலை.

இனி, எங்கே உடைகிறது என்பதைக் கண்டுபிடிக்க வேண்டும். ஒலி இங்கே பல கை மாறுகிறது. மோர்ஸ் ரன்னர் நொடிக்கு 11,025 மாதிரிகள் என்ற அளவில் ஒலியை உருவாக்கி, சிறு சிறு துண்டுகளாக விண்டோஸின் ஒலி வெளியீட்டுச் சேவையிடம் கொடுக்கிறது. அந்தச் சேவையாக நடிக்கும் வைன் அதை வாங்கி, டெபியன் எக்ஸ்எஃப்சிஇயில் இயங்கும் ஒலிச் சேவையான பல்ஸ்ஆடியோவிடம் ஒப்படைக்கிறது. பல்ஸ்ஆடியோ மாதிரி வீதத்தை மாற்றி, லினக்ஸின் ஒலி இயக்கி அடுக்கான அல்சா வழியாக ஒலி அட்டைக்கு அனுப்புகிறது. இதில் யார் கை நழுவ விடுகிறார்கள் என்பதுதான் கேள்வி.

விடை சொன்னது நிரலிலேயே இருந்த ஒரு வசதி. கோப்புப் பட்டியில் ஒலிப்பதிவை இயக்கும் தேர்வு ஒன்று உண்டு. அதைத் தேர்ந்தால், நாம் கேட்பது ஒரு வேவ் கோப்பாகவும் சேமிக்கப்படும். இந்தப் பதிவு நிரலுக்குள்ளேயே, வைனிடம் ஒலியைக் கொடுக்கும் முன்பே எழுதப்படுகிறது. அதே நேரத்தில் ஆடாசிட்டி என்ற ஒலிப்பதிவு நிரலைத் திறந்து, பேவுகண்ட்ரோல் என்ற ஒலிக் கட்டுப்பாட்டுக் கருவியின் பதிவுப் பகுதியில், மைக்குக்குப் பதிலாக ஒலி அட்டையின் ‘மானிட்டர்’ மூலத்தைத் தேர்ந்து, பல்ஸ்ஆடியோ வெளியே அனுப்புவதையும் பதிவு செய்தேன். இரண்டு பதிவுகளையும் ஒன்றின்கீழ் ஒன்றாக வைத்துப் பெரிதாக்கிப் பார்த்தபோது எல்லாம் வெட்டவெளிச்சமாயிற்று. நிரல் எழுதிய கோப்பில் ஒவ்வொரு டாவும் ஒரே கட்டையாக, விளிம்பு மழுங்கி, அழகாக நின்றது. பல்ஸ்ஆடியோவிலிருந்து பிடித்ததில் சில டாக்களின் நடுவே கத்தியால் கீறியதுபோல் ஒரு வெற்றிடம். வெடிப்பொலி என்று நான் கேட்டது அந்தக் கீறலின் இரு விளிம்புகள்தான்.

ஒரு பாட்டில் இவ்வளவு சிறிய இடைவெளி விழுந்தால் எரிச்சலோடு கடந்துபோகலாம். மோர்ஸில் அப்படி முடியாது என்பதைக் கணக்குப் போட்டால் புரியும். ‘பாரிஸ்’ என்ற சொல்லை 50 அலகுகளாகக் கொண்டு மோர்ஸ் வேகத்தை அளக்கிறோம். அதன்படி 1,200-ஐ வேகத்தால் வகுத்தால் ஒரு டிட்டின் நீளம் மில்லிநொடியில் கிடைக்கும். 25 சொல் வேகத்தில் ஒரு டிட் 48 மில்லிநொடி, ஒரு டா 144 மில்லிநொடி, எழுத்துக்குள் உள்ள இடைவெளி மறுபடி 48. டாவின் நடுவே ஏறத்தாழ 40 மில்லிநொடி மௌனம் செருகப்பட்டால், இருபுறமும் 72 மில்லிநொடி ஒலி நிற்கிறது. காது அதை இரண்டு தடித்த டிட்டுகளாகவே எடுத்துக்கொள்ளும். அதனால்தான் என் ‘என்’ எல்லாம் ‘எஸ்’ ஆயின. மௌனம் டிட்டுக்கும் டாவுக்கும் இடையே விழுந்தாலோ ‘ஏ’ என்ற ஒரே எழுத்து பிளந்து இரண்டு எழுத்தாகிறது. ஆக, பயிற்சி நிரல் எனக்குத் தவறான மோர்ஸைச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தது. அதையும் திருத்தமாக மதிப்பெண் குறைத்துக்கொண்டே.

முதலில் நிரலின் பக்கம் கைவைத்தேன். அதன் அமைப்புகள் எழுதப்பட்ட ஐ.என்.ஐ கோப்பில் ‘சிஸ்டம்’ பகுதியின்கீழ் ‘பஃப்சைஸ்’ என்ற மதிப்பு உண்டு. அது 1 முதல் 5 வரை இருக்கலாம், இயல்பு 3. எண் ஒன்று கூடினால் துண்டின் நீளம் இரட்டிப்பாகும்: 3 என்றால் 512 மாதிரிகள், அதாவது சுமார் 46 மில்லிநொடி, 4 என்றால் சுமார் 93, 5 என்றால் 2,048 மாதிரிகள், சுமார் 186 மில்லிநொடி. ஒலி தடைப்பட்டால் கூட்டவும், விசைக்கு விரைவாகப் பதில் வேண்டுமென்றால் குறைக்கவும் என்று விளக்கக் கோப்பும் சொல்கிறது. நிரலை மூடிவிட்டு, 5 என்று மாற்றித் திறந்தேன். கீறல்கள் குறைந்தன, ஒழியவில்லை. ஆனால் அதற்குக் கொடுத்த விலை அதிகம். என்டர் விசையை அழுத்தி, ஒன்றும் கேட்காமல், அழுத்தினேனா இல்லையா என்று ஐயுற்று மறுபடி அழுத்தும் அளவுக்குத் தாமதம் வந்துவிட்டது. எஸ்கேப் அழுத்தியும் என் அனுப்பல் சற்று நேரம் தொடர்ந்தது. போட்டியின் தாளமே கெட்டுவிடும் என்பதால் இந்த வழியை விட்டேன்.

நோய் நிரலின் துண்டில் இல்லை, அடுத்த கைமாற்றத்தில் இருக்கிறது என்று அப்போதுதான் தோன்றியது. வைன் பல்ஸ்ஆடியோவிடம் மிகக் குறுகிய தாமதத்தைக் கேட்கிறது. பழைய மடிக்கணினியால் அவ்வளவு அடிக்கடி எழுந்து வந்து ஒலியை ஊற்ற முடிவதில்லை. ஊற்றுவதற்குள் பாத்திரம் காலியாகி மௌனம் விழுகிறது. இதற்கு ஒரு சூழல் மாறி இருக்கிறது: பல்ஸ் லேட்டன்சி எம்செக். ஆங்கிலப் பெரிய எழுத்துகளில், சொற்களுக்கிடையே அடிக்கோடு இட்டு எழுத வேண்டும். அதற்கு 60 என்ற மதிப்பைக் கொடுத்து நிரலைத் தொடங்கினால், பல்ஸ்ஆடியோ 60 மில்லிநொடிக்கான ஒலியைக் கையிருப்பில் வைத்துக்கொள்ளும். பஃப்சைஸை மறுபடி 3 ஆக்கிவிட்டு இதைச் செய்தேன். வெடிப்பொலி நின்றது. காதை மட்டும் நம்பாமல், பத்து நிமிடம் பைல்-அப்பை ஓட விட்டு, மானிட்டர் பதிவை மறுபடி ஆடாசிட்டியில் எடுத்து முழுவதையும் உருட்டிப் பார்த்தேன். ஒரு கீறலும் இல்லை. 30 என்று குறைத்தபோது இரண்டு கீறல்கள் திரும்பின. 90 என்று கூட்டினால் தாமதம் மட்டுமே கூடியது. 60-லேயே நிறுத்தினேன்.

விசைப்பலகையிலும் சில வம்புகள் இருந்தன. மோர்ஸ் ரன்னரில் வேகத்தை ஐந்து சொல் கூட்டவும் குறைக்கவும் பேஜ்அப், பேஜ்டவுன் விசைகள் உள்ளன. அவற்றுக்கு ஈடாக ஆல்ட்டுடன் எஃப்10, எஃப்9 விசைகளையும் அழுத்தலாம். என் விரல்கள் பழகியது இரண்டாவது வகைக்கு. எக்ஸ்எஃப்சிஇயிலோ ஆல்ட்-எஃப்9 சாளரத்தை மறைப்பதற்கும் ஆல்ட்-எஃப்10 பெரிதாக்குவதற்கும் ஒதுக்கப்பட்டவை. பைல்-அப் உச்சத்தில் இருக்கும்போது வேகத்தைக் குறைக்க எண்ணி அழுத்தினேன். திரை வெறுமையாகி, கண்ணுக்குத் தெரியாத நிலையங்கள் மட்டும் என்னைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தன. அமைப்புகளில் சாளர மேலாளரின் விசைப்பலகைப் பகுதிக்குச் சென்று அந்த இரண்டு குறுக்கு விசைகளையும் நீக்கியதும் நிரல் அவற்றைப் பெற்றுக்கொண்டது.

இன்னொன்று தமிழில் தட்டச்சு செய்பவர்களுக்கு மட்டுமே நேரக்கூடியது. கடிதம் ஒன்றை எழுதி முடித்துவிட்டு, ஐபஸ் என்ற தட்டச்சுக் கருவியில் தமிழ்99 விசைப்பலகை இயங்குவதை மறந்து பயிற்சியைத் தொடங்கினால், அழைப்புக்குறிக் கட்டத்தில் கேள்விக்குறிகளாக விழும். நிரல் யூனிகோடுக்கு முந்தைய காலத்தது. தமிழ் எழுத்தை அதனால் வாங்கிக்கொள்ள முடியாமல் ‘?’ ஆக மாற்றிவிடுகிறது. வம்பு என்னவென்றால், கேள்விக்குறி அந்தக் கட்டத்தில் செல்லுபடியாகும் குறி. என் கணினி எதிர்முனையிலிருந்தவரிடம் விடாமல் கேள்வி கேட்க, அவரும் சளைக்காமல் திருப்பித் திருப்பித் தன் குறியை அனுப்பிக்கொண்டிருந்தார். நிரலில் கூட இவ்வளவு பொறுமைசாலி இருக்கிறாரே என்று வியந்த பிறகுதான் மேல் பட்டையைப் பார்த்தேன்.

கடைசியாக அழைப்புக்குறிப் பட்டியல். மாஸ்டர் டி.டி.ஏ என்ற கோப்பிலிருந்துதான் நிரல் தன் நிலையங்களைப் பொறுக்கி எடுக்கிறது. போட்டிகளில் உண்மையில் இயங்கும் நிலையங்களின் பட்டியல் அது, அவ்வப்போது புதுப்பிக்கப்படுவது. புதிய பட்டியலை இறக்கி நிரலின் கோப்புறையில் போட்டேன். பழையதன்மேல் எழுதவா என்று கணினி கேட்கவில்லை. அப்போதே ஐயப்பட்டிருக்க வேண்டும். லினக்ஸில் ஆங்கிலப் பெரிய எழுத்தும் சிறிய எழுத்தும் வெவ்வேறு என்பதால் இரண்டு மாஸ்டர் கோப்புகளும் அருகருகே குடியிருந்தன. பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்ற பேதமே இல்லாத மொழியைப் பேசி வளர்ந்தவனுக்கு இது எத்தனை முறை பட்டாலும் பழகுவதில்லை. விண்டோஸ் நிரலுக்காக வைன் இந்த வேற்றுமையைப் பொருட்படுத்தாது. ஆனால் இரண்டும் இருந்தால், நிரல் கேட்ட பெயரோடு எழுத்துக்கு எழுத்து பொருந்துவதைத்தான் எடுத்துக் கொடுக்கும். அதனால் பழைய பட்டியலே ஓடிக்கொண்டிருந்தது. சோதிப்பதற்காக இரண்டையும் வேறிடத்துக்கு நகர்த்திவிட்டு நிரலைத் திறந்தபோது, வந்த நிலையங்கள் எல்லாம் ஒரே அழைப்புக்குறியைச் சொல்லின. பட்டியல் கிடைக்காவிட்டால் கைவசம் உள்ள ஒரே பெயரை வைத்து ஒப்பேற்றுகிறது போலும். பிறகு புதிய கோப்புக்குப் பழையதன் பெயரை எழுத்து மாறாமல் சூட்டி உள்ளே வைத்தேன்.

இப்போது மேசையில் ஒரு சிறு ஏவுகோப்பு இருக்கிறது. தனி வைன் கோப்புறையின் பாதை, 60 என்ற தாமத மதிப்பு, நிரலின் பெயர் ஆகிய மூன்றும் அதன் கட்டளை வரியில் அடங்கிவிட்டன. முழு வைன் கோப்புறையையும் சுருக்கி ஒரு பென்டிரைவில் படியெடுத்து வைத்திருக்கிறேன். நேற்றிரவு ஐந்து கட்டங்களையும் இயக்கி, ஒரு மணி நேர டபிள்யூ.பி.எக்ஸ் போட்டி முறையை 28 சொல் வேகத்தில் ஓட்டினேன். 9-கள் எல்லாம் சரியாக வந்தன. 6-க்கும் 5-க்கும்தான் இன்னும் தடுமாறுகிறேன். ஆடாசிட்டியில் பார்த்துவிட்டேன், இந்த முறை கீறல் எதுவும் இல்லை.